அணையாத பிரேக் விளக்கு: பெடலில் இருந்து தொடங்குங்கள்

இரவு பத்தரை மணி இருக்கும். இரண்டு தெரு தள்ளிக் குடியிருக்கும் டீச்சர் ஒருவர் அலைபேசியில் அழைத்தார். காரை முற்றத்தில் நிறுத்தி, சாவியை எடுத்து, கதவைப் பூட்டிவிட்டு உள்ளே போயிருக்கிறார். தண்ணீர் குடிக்கச் சமையலறைக்கு வந்தவர் ஜன்னல் வழியாகப் பார்த்தால், காருக்குப் பின்னால் இருக்கும் மதில் முழுக்கச் சிவப்பு. "சாவி என் கையில்தான் இருக்கிறது தம்பி, விளக்கு மட்டும் எரிகிறது. தீ ஏதாவது பிடித்துவிடுமா?" என்று கேட்டார். குரல் நடுங்கியது.

பிரேக் பெடலுக்கு அடியில் கால் நுனியைக் கொடுத்து மேலே தூக்கிப் பார்க்கச் சொன்னேன். தூக்கினார், விளக்கு அணையவில்லை. பெடலுக்குக் கீழே விரிப்பில் ஏதாவது சிதறிக் கிடக்கிறதா என்று கேட்டேன். அலைபேசி வெளிச்சத்தில் குனிந்து தேடியவர், "பிஸ்கட் நொறுங்கியது போல ஏதோ கிடக்கிறது" என்றார். அதற்கு மேல் எனக்கு எதுவும் கேட்க வேண்டியிருக்கவில்லை. சட்டையை மாட்டிக்கொண்டு, பத்தாம் நம்பர் ஸ்பேனரோடு நடந்தே போய், பேட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்றி வைத்துவிட்டு வந்தேன். மறுநாள் காலையில் 40 ரூபாய்க்கு ஒரு சிறிய பிளாஸ்டிக் துண்டு வாங்கி மாட்டியதும் வேலை முடிந்தது.

நான் கரூரில் பஸ் பாடி கட்டும் பட்டறையில் வயரிங் கற்றவன். ஒன்பது வருடம் அங்கே. அதன் பிறகு பதினேழு வருடமாகச் சொந்தமாகக் கார் எலக்ட்ரிகல் கடை. பஸ்ஸில் பிரேக் விளக்கின் சுவிட்ச் காற்றுக் குழாயில் இருக்கும். காற்றழுத்தம் ஏறினால் விளக்கு எரியும். காரில் அது பெடலின் தலைமாட்டில் இருக்கிறது. இந்த ஒரு வித்தியாசம் தெரிந்தவர்கள் பின்பக்கத்தைத் தொடும் முன் முன்பக்கம் குனிந்து பார்ப்பார்கள். தெரியாதவர்கள் டிக்கியைத் திறந்து வயரை வெட்டுகிறார்கள். போன மாதம் ஒரு வாடகைக் கார் ஓட்டுநர் வந்தார். மூன்று இடங்களில் காட்டியிருக்கிறார். இரண்டு பின்விளக்குகளும் புதிது, சுவிட்ச் புதிது, டிக்கி வயர் கட்டில் நான்கு இடத்தில் டேப். ஆறாயிரம் ரூபாய்க்கு மேல் போயிருக்கிறது, விளக்கு மட்டும் அணையவில்லை. அவருக்கும் நான் மாட்டியது அதே சிறிய துண்டுதான். ஒரு வாரச் சம்பாத்தியத்தை இப்படி இழந்த மனிதரின் முகத்தைப் பார்த்த பிறகுதான் இதை எழுத வேண்டும் என்று தோன்றியது.

முதலில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். எப்போதும் எரியும் பிரேக் விளக்கு, எரியாத பிரேக் விளக்கைப் போலவே ஆபத்தானது. பின்னால் வருகிறவர் உங்கள் விளக்கு சிவந்ததைப் பார்த்துத்தான் காலைப் பிரேக்குக்குக் கொண்டுபோகிறார். அது எப்போதுமே சிவப்பாக இருந்தால், நீங்கள் உண்மையிலேயே பிரேக் பிடிக்கும் நொடியில் அவருக்குச் சொல்ல உங்களிடம் எதுவும் இல்லை. திருச்சி சாலையில் லாரிக்கு முன்னால் இப்படிப் போவதை நினைத்தாலே எனக்கு வயிறு கலங்கும். பேட்டரிக் கணக்கும் இருக்கிறது. சாதாரண பல்ப் ஒவ்வொன்றும் 21 வாட். மேலே கண்ணாடியருகே இருக்கும் மூன்றாவது விளக்கை விட்டுவிட்டாலும் 42 வாட். 12 வோல்ட்டில் மூன்றரை ஆம்பியர். சிறிய பெட்ரோல் கார்களில் 35 ஆம்பியர்-மணி பேட்டரிதான் பெரும்பாலும் இருக்கும். புதிய பேட்டரியே பத்து மணி நேரத்தில் வற்றிவிடும். மூன்று வருடம் ஓடியது விடிவதற்குள் படுத்துவிடும். பல கார்களில் இந்த விளக்குக்கு பேட்டரியில் இருந்து நேராக மின்சாரம் போகிறது என்பதால், சாவியை எடுத்துவிட்டோம் என்ற நிம்மதி இங்கே செல்லாது.

பெடல் சும்மா இருக்கும்போது அதன் தண்டு சுவிட்சின் முனையில் இருக்கும் ஒரு சிறிய பின்னை உள்ளே அழுத்தி வைத்திருக்கிறது. பின் உள்ளே இருக்கும்வரை விளக்கு இல்லை. நீங்கள் மிதித்ததும் தண்டு விலகுகிறது, ஸ்பிரிங்கின் வேகத்தில் பின் வெளியே வருகிறது, விளக்கு எரிகிறது. அழுத்தினால் எரியும் காலிங் பெல் சுவிட்சுக்கு நேர் எதிர் என்று வைத்துக்கொள்ளுங்கள். எனவே அந்தப் பின்னை அழுத்தி வைத்திருக்க எதுவும் இல்லாமல் போனால், நீங்கள் எப்போதும் மிதித்துக்கொண்டிருப்பதாகவே கார் நினைக்கும்.

கையை வைக்கும் முன் மூன்று கேள்விகள்

மாலை மங்கியதும் காரை ஒரு சுவருக்குப் பின்பக்கம் காட்டி நிறுத்துங்கள். தனியாக இருந்தாலும் சுவரில் விழும் சிவப்பைக் கண்ணாடியில் பார்த்துக்கொள்ளலாம்.

எத்தனை விளக்குகள் எரிகின்றன? இடது, வலது, மேலே இருக்கும் மூன்றாவது என எல்லாமே எரிந்தால், பழுது எல்லா விளக்குகளுக்கும் பொதுவான இடத்தில் இருக்கிறது: பெடல், சுவிட்ச், ரிலே (மின்சாரத்தால் இயங்கும் சுவிட்ச்), அல்லது அங்கிருந்து பின்னால் போகும் வயர். ஒரு பக்கம் மட்டும் எரிந்தால் முன்பக்கம் குனிய வேண்டியதே இல்லை. அந்தப் பக்கத்து பல்பையும் ஹோல்டரையும் பாருங்கள்.

பார்க்கிங் விளக்கைப் போட்டால் மட்டும் எரிகிறதா? அப்படியென்றால் சுவிட்சைச் சந்தேகப்படாதீர்கள். பல்ப் அல்லது எர்த் (விளக்கில் இருந்து மின்சாரம் காரின் உடம்புக்குத் திரும்பும் இணைப்பு). பல்பைப் பற்றிப் பின்னால் விரிவாகச் சொல்கிறேன்.

முழு வெளிச்சமா, மங்கலா? மங்கலாக எரிந்தால் எர்த் போயிருக்கலாம். பல்புக்குப் பதில் வெளியில் வாங்கிய எல்.இ.டி. மாட்டியிருந்தால் சிறிய மின்கசிவுக்கே அது மினுக்கும்.

இந்த மூன்று பதில்களும் கிடைத்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. வாடகைக் கார் ஓட்டுநரிடம் யாராவது முதல் கேள்வியை மட்டும் கேட்டிருந்தால் பின்விளக்கு வாங்கச் சொல்லியிருக்க மாட்டார்கள். மூன்று விளக்கும் ஒரே நாளில், ஒரே நேரத்தில் கெட்டுப்போகுமா?

பெடலுக்கு மேலே

எல்லா விளக்குகளும் எரிகின்றன என்று வைத்துக்கொள்வோம். காரைச் சமதரையில் நிறுத்தி, கியரில் போட்டு, சக்கரத்துக்குக் கல் வையுங்கள். சாவியை எடுத்துவிடுங்கள். ஓட்டுநர் இருக்கையைப் பின்னால் தள்ளி, தரையில் மல்லாந்து படுத்து, தலையை ஸ்டீயரிங்குக்குக் கீழே கொண்டுபோங்கள். நெற்றியில் கட்டும் டார்ச் இருந்தால் இரண்டு கையும் ஓய்வாக இருக்கும். அங்கே மஞ்சள் நிற உறையில் போகும் வயர்களோ மஞ்சள் கனெக்டரோ தெரிந்தால் அவற்றைத் தொட வேண்டாம். பெரும்பாலும் அது ஏர்பேக் வயரிங். மின்சாரம் அளக்கும் மல்டிமீட்டரின் கம்பி கூட அங்கே படக்கூடாது.

படுப்பதற்கு முன் டீச்சரிடம் நான் சொன்ன சோதனையைச் செய்யுங்கள். பெடலைக் கீழிருந்து மேலே தூக்குங்கள். விளக்கு அணைந்தால், பெடல் தன் இடத்துக்கு முழுதாகத் திரும்பவில்லை, அல்லது சுவிட்ச் கொஞ்சம் பின்னால் தள்ளி மாட்டப்பட்டிருக்கிறது. விரிப்பு மடங்கிப் பெடலைப் பிடித்திருக்கிறதா, திரும்ப இழுக்கும் ஸ்பிரிங் கழன்றிருக்கிறதா, பெடல் ஆடும் அச்சு துரு ஏறி இறுகியிருக்கிறதா என்று பாருங்கள். விரிப்பு மடங்குவது அடிக்கடி நடக்கும். மழைக்காலத்தில் ஒன்றின்மேல் ஒன்றாக இரண்டு விரிப்பு போடும் வழக்கத்தை விட்டுவிடுங்கள்.

தூக்கியும் அணையவில்லை என்றால், டார்ச்சை பெடல் தண்டின் உச்சிக்குக் காட்டுங்கள். விரல் தடிமனில், இரண்டு அல்லது நான்கு வயர் போகும் ஒரு பிளாஸ்டிக் சுவிட்ச் தெரியும். அதன் முனையில் இருக்கும் பின் எதைத் தொட்டு நிற்க வேண்டும் என்று கவனியுங்கள். பெரும்பாலான கார்களில் பெடல் தண்டில் ஒரு துளை இருக்கும், அந்தத் துளையில் சட்டைப் பொத்தான் போல ஒரு பிளாஸ்டிக் அல்லது ரப்பர் துண்டு பதிந்திருக்கும். இதைத்தான் ஸ்டாப்பர் என்கிறோம். பின் இதன் முகத்தில்தான் மோதி நிற்கிறது. பத்துப் பன்னிரண்டு வருட வெயிலில் இந்தத் துண்டு அப்பளம் போல ஆகிவிடும். ஒருநாள் மிதித்துவிட்டுக் காலை எடுக்கும்போது உடைந்து உதிர்ந்துவிடும். உதிர்ந்ததும் சுவிட்சின் பின், அது மோத வேண்டிய இடத்தில் வெறும் துளை இருப்பதால், துளைக்குள்ளேயே நீண்டு நின்றுவிடும். டீச்சர் பிஸ்கட் தூள் என்று சொன்னது இதைத்தான். துளையின் விளிம்பில் வளையம் போல ஒரு மிச்சம் ஒட்டிக்கொண்டிருக்கும். அதை நகத்தால் தொட்டாலே பொடியாகும். சிலவற்றில் துண்டு உதிர்ந்திருக்காது, ஆனால் பின் மோதிய இடத்தில் குழி விழுந்து, அந்தக் குழிக்குள் பின் இறங்கிவிட்டிருக்கும். இதையும் கண் தப்பவிடக்கூடாது.

இப்போது விரலால் அந்தப் பின்னை உள்ளே அழுத்துங்கள். விளக்கு அணைந்தால் சுவிட்ச் நன்றாக இருக்கிறது. ஸ்டாப்பரை மாற்றுங்கள் அல்லது சுவிட்சைச் சரியான தூரத்துக்கு நகர்த்துங்கள். அணையாவிட்டால் சுவிட்சில் செருகியிருக்கும் வயர் கனெக்டரைக் கழற்றுங்கள். கழற்றியதும் அணைந்தால் சுவிட்ச்தான் உள்ளே ஒட்டிக்கொண்டிருக்கிறது. கழற்றிய பிறகும் எரிந்தால் சுவிட்சைத் தாண்டி, பின்னால் போகும் வழியில் எங்கோ மின்சாரம் ஏறுகிறது. புதிய கார்களில் சுவிட்சின் செய்தி முதலில் ஒரு கணினிப் பெட்டிக்குப் போய், அந்தப் பெட்டிதான் விளக்கை ஏற்றும். அங்கே இந்தக் கனெக்டர் சோதனையை மட்டும் நம்பி முடிவு செய்யாதீர்கள், ஸ்கேனர் வைத்திருப்பவரிடம் போவது நல்லது.

மல்டிமீட்டர் இருந்தால் இன்னும் உறுதி. கழற்றிய சுவிட்சில் பீப் ஒலிக்கும் நிலையை வைத்து இரண்டு முனைகளைத் தொடுங்கள். பின் வெளியே இருக்கும்போது ஒலிக்க வேண்டும், அழுத்தினால் நிற்க வேண்டும். நான்கு முனை இருந்தால் ஒரு ஜோடி இப்படியும் இன்னொரு ஜோடி நேர்மாறாகவும் வேலை செய்யும். அதைப் பார்த்து சுவிட்ச் போய்விட்டது என்று முடிவு கட்டாதீர்கள்.

மாற்றுவது

ஸ்டாப்பரை மாற்ற மூக்குக் குறடு போதும். பழைய மிச்சத்தை முழுதாக எடுத்துவிடுங்கள். புதியதன் கழுத்தில் ஒரு சொட்டு சோப்புத் தண்ணீர் தடவி, துளையில் வைத்து, மறுபக்கத்தில் இருந்து மூக்குக் குறடால் இழுத்தால் 'டப்' என்று உட்காரும். பெடலை ஒரு கையால் கொஞ்சம் கீழே தள்ளி வைத்துக்கொண்டால் இடம் கிடைக்கும். முதல் தடவை செய்கிறவருக்கு அரை மணி நேரம் ஆகும், அதில் இருபது நிமிடம் தன் கழுத்தை எந்தக் கோணத்தில் வைப்பது என்பதிலேயே போய்விடும்.

ஊர் நடுவில் இல்லை, கடை திறக்கவில்லை என்றால், துளைக்குள் நுழையும் அளவில் தட்டைத் தலை போல்ட் ஒன்றை, தலை சுவிட்சைப் பார்க்கும்படி போட்டு மறுபக்கம் நட்டை இறுக்குங்கள். வீடு வந்து சேரும்வரை அது தாங்கும். நாணயத்தை டேப் போட்டு ஒட்டும் வழக்கம் ஒன்று உண்டு. அதை நான் ஒப்புக்கொள்வதில்லை. வெயிலில் டேப்பின் பசை இளகி நாணயம் விழும். விழுந்த நாணயம் பெடலின் அச்சுக்குள் சிக்கினால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை.

சுவிட்சை மாற்றும்போதுதான் அதிகத் தவறு நடக்கிறது. திருகாணி வகையில் ஒரு லாக் நட் இருக்கும்; அதைத் தளர்த்தி, சுவிட்சைத் திருகி முன்னும் பின்னும் நகர்த்தலாம். பின் முழுதாக உள்ளே போன பிறகு, சுவிட்சின் உடம்புக்கும் ஸ்டாப்பருக்கும் நடுவில் ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் இடைவெளி வையுங்கள். உங்கள் காரின் கையேட்டில் அளவு சொல்லியிருந்தால் அதுவே சரி. அளவுகோல் இல்லாதவர்கள் ஏ.டி.எம். அட்டையை நுழைத்துப் பாருங்கள். அதன் தடிமன் 0.76 மில்லிமீட்டர். அட்டை லேசான உரசலோடு போய் வந்தால் நான் திருப்திப்படுவேன். விளக்கு அணைய வேண்டும் என்ற அவசரத்தில் சுவிட்சை மேலும் மேலும் உள்ளே திருகினால், அது பெடலையே கீழே தள்ளிப் பிடித்துக்கொள்ளும். விளக்கு அணையும், ஆனால் பிரேக் எப்போதும் லேசாகப் பிடித்திருக்கும். பத்து கிலோமீட்டரில் சக்கரம் கொதிக்கும், மைலேஜ் விழும், பிரேக் எண்ணெய் சூடேறி பெடல் பஞ்சு போலாகும். விளக்குப் பழுதைச் சரிசெய்யப் போய் பிரேக்கைக் கெடுக்கும் வழி இது.

திருகாணி இல்லாத வகையில் சுவிட்சைக் கால் சுற்று திருப்பினால் கழன்று வரும். இவற்றில் பல, மாட்டும்போது தானே தூரத்தை அமைத்துக்கொள்ளும். அந்த வசதி ஒரு முறைக்குத்தான். கழற்றிய பழையதைத் திரும்ப மாட்டினால் சரியாக நிற்காது. பெடலை எந்த நிலையில் வைத்து மாட்டுவது என்பது காருக்குக் கார் மாறும், எனவே உறையில் இருக்கும் குறிப்பைப் படிக்காமல் கை வைக்காதீர்கள்.

பின்பக்கத்துப் பழுதுகள்

பார்க்கிங் விளக்கைப் போட்டால் மட்டும் பிரேக் விளக்கு எரிகிறது என்று ஒருவர் வந்தார். சிறிய மோதலுக்குப் பிறகு பின்பக்கம் பெயிண்ட் அடித்து எடுத்த கார். பல்பைக் கழற்றிப் பார்த்ததும் விளங்கியது. அந்த ஹோல்டரில் இருக்க வேண்டியது 21 வாட்டும் 5 வாட்டும் சேர்ந்த இரட்டை இழை பல்ப். அதன் பக்கவாட்டில் இருக்கும் இரண்டு குமிழ்களும் ஒன்று மேலே, ஒன்று கீழே என ஏறி இறங்கி இருக்கும்; தவறாக மாட்டக்கூடாது என்பதற்காகவே அப்படி. அடியில் இரண்டு ஈயப் புள்ளி. யாரோ குமிழ்கள் ஒரே உயரத்தில் இருக்கும் ஒற்றை இழை பல்பை அழுத்தித் திணித்திருந்தார்கள். அதன் ஒற்றைப் புள்ளி ஹோல்டரின் இரண்டு தொடுமுனைகளையும் ஒன்றாகச் சேர்த்துவிட்டது. பார்க்கிங் மின்சாரம் அந்தப் பாலத்தின் வழியாக பிரேக் வயரில் ஏறி, எல்லாப் பக்கத்து பிரேக் விளக்குகளையும் எரித்தது. பிரேக்கை மிதித்தால் பார்க்கிங் விளக்குகளும், டேஷ்போர்டு வெளிச்சமும் எரிந்தன. இந்த எதிரொலி தெரிந்தால் நேராக பல்புக்குப் போய்விடலாம்.

சரியான பல்பாகவே இருந்தாலும், உள்ளே ஒரு இழை அறுந்து இன்னொன்றின் மேல் விழுந்து ஒட்டிக்கொண்டால் இதே கூத்து நடக்கும். பல்பைக் கழற்றி வானத்தைப் பார்த்துப் பிடித்துத் திருப்புங்கள். இரண்டு இழைகளும் தனித்தனியாக, தொங்கலில்லாமல் நிற்க வேண்டும். ஹோல்டரில் பச்சை பூத்திருந்தால் தண்ணீர் இறங்கியிருக்கிறது. சுரண்டிச் சுத்தம் செய்து, விளக்கின் ரப்பர் விளிம்பையும் மாற்றுங்கள். பல மணி நேரம் அணையாமல் எரிந்த ஹோல்டர் பழுப்பேறி, தொட்டால் உடையும். அதைத் திரும்பப் பயன்படுத்தக் கூடாது.

கனெக்டரைக் கழற்றியும் எரிந்தது என்றால், டிக்கிக் கதவின் கீலுக்குள் வளைந்து போகும் வயர் கட்டை முதலில் பாருங்கள். திறந்து மூடித் திறந்து மூடி, உள்ளே உறை வெடித்து ஒரு வயர் இன்னொன்றைத் தொட்டிருக்கும். அடுத்து எலி. வாரக்கணக்கில் நிற்கும் காரில் அது எங்கேயும் கடித்திருக்கும். மூன்றாவது, பிறகு சேர்த்த பொருட்கள்: மினுக்கும் பிரேக் விளக்கு, பின்பக்க கேமரா, டிரெய்லர் பிளக். அவற்றை ஒவ்வொன்றாகக் கழற்றி, ஒவ்வொரு முறையும் விளக்கைப் பாருங்கள். பிரேக் விளக்குக்குத் தனி ரிலே உள்ள கார்களில் அது ஒட்டிக்கொள்வதும் உண்டு.

கடை திறக்கும்வரை

நிறுத்தி வைக்கும் நேரத்தில் நெகட்டிவ் முனையைக் கழற்றி வையுங்கள். ஃபியூஸைப் பிடுங்கிவிட்டு ஓட்டலாமே என்பார்கள், ஓட்டாதீர்கள். பிரேக் விளக்கு அடியோடு போய்விடும், சில கார்களில் ஹாரனுக்கும் அதே ஃபியூஸ்தான். கடை வரைக்கும் ஓட்டியே ஆக வேண்டுமென்றால் பகலில், இடது ஓரமாக, மெதுவாகப் போங்கள். வேகம் குறைக்கும்போது வலது கையை வெளியே நீட்டி, உள்ளங்கை தரையைப் பார்க்க மேலும் கீழும் அசையுங்கள். பழைய கை சைகைதான், பின்னால் வரும் லாரி ஓட்டுநருக்கு நன்றாகவே புரியும்.

வேலை முடிந்த பிறகு சுவரைப் பார்த்து மூன்று முறை சோதியுங்கள்: கால் எடுத்திருக்கும்போது இருட்டு, லேசாகத் தொட்டதுமே சிவப்பு, விட்டதும் உடனே இருட்டு. அதன் பிறகு, பிரேக்கை அதிகம் பிடிக்காமல் இரண்டு மூன்று கிலோமீட்டர் ஓட்டி வந்து நான்கு சக்கரத்தின் அருகிலும் புறங்கையைக் கொண்டுபோங்கள், உலோகத்தைத் தொடாமல். ஒரு சக்கரம் மட்டும் அனலாக இருந்தால், அல்லது கருகிய வாடை வந்தால், பிரேக் உண்மையிலேயே பிடித்திருக்கிறது. அது என் வேலை அல்ல, பிரேக் மெக்கானிக்கின் வேலை, அன்றே காட்டிவிடுங்கள்.

ஸ்டாப்பர் வாங்கும்போது இரண்டாக வாங்குங்கள். கிளட்ச் பெடலில் சுவிட்ச் இருக்கும் பல கார்களில் அங்கேயும் இதே துண்டுதான். அதற்கும் இதே வயது. டீச்சரின் காரில் அன்றைக்கே அதைத் தொட்டுப் பார்த்தேன். விரலோடு பாதி வந்துவிட்டது.